சொல்லி அனுப்பிய சலாம்

தென்காசி
12 ஜனவரி 2025

அன்புள்ள அத்தைக்கு,

மஞ்சு எழுதுகிறேன். ஸ்தோத்திரம். அப்பாவுக்கு மட்டும் லேசான இருமல்; மற்றபடி வீட்டில் எல்லோரும் சுகம். சூடானில் குண்டு விழும் இடத்தில் இருப்பவரிடம் சுகமா என்று கேட்பது சரிதானா என்று யோசித்தேன். ஆனாலும் கேட்கிறேன். சுகமா அத்தை?

நீங்கள் சொன்னபடி டைப் செய்யாமல் காகிதத்தில் எழுதி, அப்பாவின் போனில் படம் எடுத்து அனுப்புகிறேன். அங்கே என்றைக்கு நெட் வருமோ அன்றைக்கு உங்களிடம் இறங்கட்டும்.

ஒரு நல்ல செய்தி. நம் சபையில் வெள்ளிக்கிழமை நடக்கும் பெண்கள் கூட்டத்தில் இனிமேல் உங்கள் கடிதங்களை நான்தான் வாசிக்க வேண்டுமாம். தங்கத்தாய் டீச்சர் சொல்லிவிட்டார்கள். "ஏட்டி மஞ்சு, ஒங்க அத்த லெட்டர நீயே வாசிச்சிரு. பாஸ்டரய்யா வாசிச்சா பாதிப் பேரு தூங்கிருதாவ." பாஸ்டரய்யா பக்கத்தில்தான் நின்றார்.

ஆனால் டீச்சருக்கு ஒரு குறை. உங்கள் கடிதங்களில் ஆட்களின் பெயரே இல்லையாம். "சும்மா போரு நிக்கணும்னா யாருக்குன்னு ஜெபிக்கது? பேரு வேணும்ட்டி, பேரு" என்றார்கள். அதனால் உங்களோடு வேலை செய்பவர்களைப் பற்றி எழுதுங்கள். நான் ஒன்பதாம் வகுப்பில் தமிழில் முதல் மதிப்பெண். வாசிப்பில் பிழை வராது.

உங்கள் அன்பு மருமகள்,
மஞ்சு


3 பிப்ரவரி 2025

மஞ்சுவுக்கு அத்தையின் அன்பு.

கர்த்தருடைய கிருபையால் உயிரோடு இருக்கிறேன், இரண்டு வேளை சாப்பிடுகிறேன். அண்ணனை இருமலுக்கு வெந்நீர் குடிக்கச் சொல். மாத்திரை கேட்டு அடம்பிடிப்பான், கொடுக்காதே.

பெயர் கேட்டாயே. முன்பு நாங்கள் நான்கு டாக்டர்கள். இப்போது நான் ஒருத்தி. எனக்கு வலது கை இத்ரீஸ் என்கிற இருபத்தாறு வயதுப் பையன். அறுவை அறையில் மயக்க மருந்து கொடுப்பவன் அவன்தான். அவசரத்தில் நான் நம் ஊர்ப் பேச்சில் "ஏலே, சீக்கிரம்லே" என்று கத்துவேன். அதை டாக்டர்கள் படிக்கும் வார்த்தை என்று நினைத்துக்கொண்டான். இப்போது மயக்கம் தெளியாத நோயாளியின் கன்னத்தைத் தட்டி, "ஏலே, ஏலே" என்று எழுப்புகிறான். அவர்களும் எழுந்துவிடுகிறார்கள்.

இனி எழுதுவதும் இத்ரீஸ் என்ற பெயரும் உனக்கு மட்டும். கூட்டத்தில் வாசிக்காதே. இந்த ஊரைப் பிடித்திருக்கும் ஆயுதக்காரர்கள் இத்ரீஸுடைய இனத்து ஆண்களை வீடு வீடாகத் தேடுகிறார்கள். கிடைத்தவர் யாரும் திரும்பவில்லை. அதனால் அவன் சட்டையில் யூசுப் என்ற பெயர் அட்டையைக் குத்தியிருக்கிறோம். ஆஸ்பத்திரியில் எல்லோரும் யூசுப் என்றே கூப்பிடுகிறோம். தூக்கத்தில்கூட மாறிவிடக் கூடாது என்று பழகியிருக்கிறோம்.

இணையம் இருப்பது கடைத்தெருவில் ஒரு டீக்கடையில் மட்டும்தான். ஊரே அங்கே உட்கார்ந்துதான் போன் பார்க்கும். யாராவது அந்தப் பக்கம் போனால் இது வரும்.

இத்ரீஸ் உனக்குச் சலாம் சொல்கிறான்.

அத்தை


தென்காசி
16 பிப்ரவரி 2025

அன்புள்ள அத்தைக்கு,

ஸ்தோத்திரம். உங்கள் கடிதம் வந்த அன்று அம்மா அதைக் கையில் வைத்துக்கொண்டே அழுதார்கள். பிறகு "ஏலே, ஏலே" இடம் வந்ததும் சிரித்துவிட்டார்கள். அப்பா வெந்நீர் குடிக்கிறார், முகத்தைச் சுளித்துக்கொண்டு.

'உனக்கு மட்டும்' என்ற பகுதியை நான் வாசிக்கவில்லை. உங்களுக்கு வலதுகையாக ஒருவர் இருக்கிறார் என்று மட்டும் சொன்னேன்.

என் வகுப்பில் மாஜிதா என்று ஒரு தோழி. அவளிடம் சலாமைப் பற்றி மட்டும் கேட்டேன். "சலாம் சொன்னா பதில் சொல்லாம விடக் கூடாதுட்டி. அதும் சொல்லி அனுப்புன சலாம் அமானிதம், ஒப்படைச்ச பொருள் மாதிரி. நடுவுல இருக்கவங்க கொண்டு சேத்துரணும்" என்றாள். அவளே பதில் சலாமை அரபி எழுத்தில் எழுதித் தந்தாள்; கீழே ஒட்டியிருக்கிறேன். நடுவில் இருப்பவர் நீங்கள். சேர்த்துவிடுங்கள்.

இத்ரீஸ் அண்ணனுக்குக் குற்றாலத்தைப் பற்றியும் சொல்லுங்கள். மெயின் அருவித் தண்ணீர் மலையிலிருந்து நேரே நம் தலையில் விழுவதில்லை. நடுவில் பொங்குமாங்கடல் என்ற பள்ளத்தில் விழுந்து, அங்கே நிரம்பி, பொங்கி வழிந்துதான் நம் மேல் விழுகிறது. நேரே விழுந்தால் ஆளைக் கொன்றுவிடும் என்று அப்பா சொல்வார். அந்தப் பள்ளம் இருப்பதால்தான் சின்னப் பிள்ளைகள்கூடத் தலையைக் காட்டி நிற்க முடிகிறது.

மஞ்சு


22 மார்ச் 2025

மஞ்சுவுக்கு,

நலம். காய்ச்சல் வந்து போனது. உன் பொங்குமாங்கடலை இத்ரீஸுக்கு மொழிபெயர்த்துச் சொன்னேன். யார் தோண்டியது என்று கேட்டான். கடவுள் என்றேன். "அப்படியானால் இங்கேயும் ஒன்று தோண்டியிருக்கலாமே" என்றான். நான் கையுறையை மாட்டிக்கொண்டேன். அடுத்த நோயாளி காத்திருந்தார்.

மாஜிதாவின் எழுத்து அழகாக இருக்கிறதாம். மிஷன் அலுவலகம் அனுப்பிய மருந்துப் பெட்டி வழியில் பிடிபட்டுவிட்டது. மயக்க மருந்து பதினோரு புட்டி மிச்சம். சின்னக் காயங்களுக்கு இப்போது கொடுப்பதில்லை. அப்போதெல்லாம் இத்ரீஸ் நோயாளியின் தலையை மார்போடு அணைத்துப் பிடித்துக்கொண்டு ஏதோ ஒரு பாட்டு பாடுவான். அவன் அம்மா பாடியதாம். போன வருடம் ஆயுதக்காரர்கள் அவன் கிராமத்தைக் கொளுத்தியபோது அம்மா வீட்டுக்குள்ளேயே இருந்துவிட்டார். அடக்கம் செய்யக்கூட அவனால் போக முடியவில்லை.

நர்ஸ் எடுத்த படம் ஒன்று அனுப்புகிறேன். இரட்டைப் பிள்ளைப் பிரசவம், மூன்று உயிரும் பிழைத்த நாள். அதனால்தான் நானும் இத்ரீஸும் பல்லைக் காட்டுகிறோம். இது உனக்கு.

சண்டை முடிந்தால் அருவியைப் பார்க்க வருவானாம். இத்ரீஸின் சலாம்.

அத்தை


தென்காசி
19 மே 2025

அன்புள்ள அத்தைக்கு,

ஸ்தோத்திரம்! நேற்று நம் சபையின் அசனப் பண்டிகை. எல்லோரும் சுகமாக, வயிறு நிறைய இருக்கிறோம். பெரிய வட்டையில் சோறு, ஆட்டுக்கறிக் குழம்பு. கோவிலுக்கு வராதவர்கள்கூடப் பந்திக்கு வந்துவிட்டார்கள்.

இனிதான் முக்கியமான செய்தி. கோவில் வாசலில் பத்தடி பிளக்ஸ். நடுவில் நீங்கள்! 'எங்கள் சபை ஈன்ற மிஷனெரி' என்று பெரிய எழுத்தில். வாலிபர் சங்கத்து ஜெபக்குமார் அண்ணன் நல்ல படம் கேட்டு அலைந்தார், யாரிடமும் இல்லை. என்னிடம்தான் இருந்தது, நீங்கள் சிரிக்கும் படம். முதலில் உங்களை மட்டும் வெட்டிப் போடுவதாகத்தான் இருந்தது. தங்கத்தாய் டீச்சர் விடவில்லை. "அந்தத் தம்பியவும் போடுலே. மொகம் தெரிஞ்சாத்தான சனம் மனசுருகி ஜெபிக்கும். பேரு என்னட்டி அவனுக்கு?"

எனக்கு 'உனக்கு மட்டும்' என்பது நினைவுக்கு வந்தது அத்தை. யூசுப் என்று சொல்லிவிடலாமா என்றுகூட நினைத்தேன். ஆனால் இத்தனை பேர் கர்த்தரிடம் பொய்ப் பெயரைச் சொல்லி எப்படி ஜெபிப்பது? அந்த ஜெபம் வேறு யாருக்காவது போய்விடாதா? சூடான் எங்கே, தென்காசி எங்கே. இங்கே கட்டுகிற பிளக்ஸை அங்கே யார் பார்க்கப்போகிறார்கள்? உண்மைப் பெயரையே சொன்னேன். அவருக்கு ஆபத்து என்று அவருடைய இனத்தையும் சொன்னேன், அப்போதுதான் ஊக்கமாக ஜெபிப்பார்கள் என்று.

ஆராதனையில் முந்நூறு பேர் எழுந்து நின்று அவர் பெயரைச் சொன்னார்கள். எனக்கு உடம்பு சிலிர்த்தது.

ஜெபக்குமார் அண்ணன் அதே படத்தை இங்கிலீஷ் எழுத்துகளோடு சபையின் பேஸ்புக் பக்கத்தில் போட்டு, உங்கள் ஆஸ்பத்திரியின் பழைய பக்கத்தையும் டேக் செய்துவிட்டார். அதற்குள் நானூறு பேர் லைக் போட்டிருக்கிறார்கள். அரபி எழுத்தில் பெயர் உள்ளவர்களே ஏழு பேர். அங்கேயும் நமக்காக ஜெபிக்கிறவர்கள் இருக்கிறார்கள் பாருங்கள்!

இத்ரீஸ் அண்ணனுக்கு எங்கள் முந்நூறு பேரின் சலாம்.

மஞ்சு


தென்காசி
22 ஜூன் 2025

அன்புள்ள அத்தைக்கு,

சுகமா? மூன்று மாதமாக உங்களிடமிருந்து ஒன்றும் இல்லை. என் போன கடிதத்தில் நீல டிக்கும் விழவில்லை. அப்பா தினமும் மிஷன் அலுவலகத்துக்குப் போன் செய்கிறார். "அங்கன நெட்டு இல்லியாம், வேற ஒண்ணுமில்ல" என்று எங்களிடம் சொல்கிறார். சொல்லும்போது என்னைப் பார்ப்பதில்லை.

சாரல் தொடங்கிவிட்டது. துணி எதுவும் காய்வதில்லை. நேற்று ஐந்தருவிக்குப் போனோம். ஒரு மாமா உடம்பு முழுவதும் எண்ணெய் தேய்த்துக்கொண்டு வழுக்கி என் அப்பாவைக் கட்டிப்பிடித்துவிட்டார். நீங்கள் இருந்தால் சிரித்திருப்பீர்கள். நான் அருவியின் சத்தத்தை ஒரு நிமிடம் பதிவு செய்தேன். இத்ரீஸ் அண்ணனுக்காக. பெரிய கோப்பு என்பதால் உங்கள் நெட்டில் இறங்காதோ என்று அனுப்பவில்லை. ஒரு வரியாவது எழுதுங்கள்.

மஞ்சு


9 ஜூலை 2025

மஞ்சு,

உன் இரண்டு கடிதங்களும் நேற்று ஒன்றாக வந்தன. நான் நலம். இப்போது மயக்க மருந்தும் நானே கொடுத்து, அறுப்பதும் நானே. நர்ஸ் நாடியைப் பார்த்துக்கொள்கிறாள். சமாளிக்கிறோம்.

பேஸ்புக்கில் போட்ட படத்தை உடனே எடுத்துவிடச் சொல். பிளக்ஸையும் கழற்றச் சொல். காரணம் சொல்ல நேரமில்லை.

உன் மேல் எனக்கு ஒரு கோபமும் இல்லை. நன்றாகப் படி.

அத்தை


தென்காசி
10 ஜூலை 2025

அன்புள்ள அத்தைக்கு,

சுகம் விசாரிக்கக்கூடக் கை வரவில்லை. படத்தை எடுத்தாயிற்று. நானே ஜெபக்குமார் அண்ணன் வீட்டுக்கு ஓடினேன். "ஏன்ட்டி, அறுநூறு லைக் வந்துட்டு" என்றார். கெஞ்சி எடுக்க வைத்தேன். பிளக்ஸையும் கழற்றிவிட்டார்கள்.

மாஜிதா உங்கள் கடிதத்தைப் பார்த்துவிட்டு, "அந்த அண்ணன் சலாம் சொல்லலியா?" என்று கேட்டாள். நானும் அதைத்தான் தேடினேன். ஒவ்வொரு கடிதத்தின் முடிவிலும் இருக்கும். இதில் இல்லை.

நீங்கள் கோபமில்லை என்று எழுதியிருக்கிறீர்கள். நான் கோபமா என்று கேட்கவே இல்லையே. மயக்க மருந்தை ஏன் நீங்கள் கொடுக்கிறீர்கள்? இத்ரீஸ் அண்ணன் எங்கே? நான் தப்பு செய்துவிட்டேனா? உண்மையைச் சொல்லுங்கள் அத்தை. தாங்கிக்கொள்வேன்.

மஞ்சு


30 ஆகஸ்ட் 2025

செல்ல மஞ்சுவுக்கு,

அத்தை மிகவும் நலம். பதில் எழுத ஏழு வாரம் ஆகிவிட்டது; மன்னித்துக்கொள். நோயாளிகள் அதிகம்.

நீ ஏன் இப்படிப் பயப்படுகிறாய்? இத்ரீஸ் சுகமாக இருக்கிறான். இங்கே இருப்பது நல்லதில்லை என்று ஒரு லாரியில் ஏறி எல்லையைத் தாண்டிவிட்டான். அந்தப் பக்கம் ஒரு முகாமில் அவனுக்கு வேலைகூடக் கிடைத்திருக்கிறது. அவன் அம்மாவும் அதே முகாமில்தான் இருக்கிறார். அவர் கையால் சாப்பிட்டு ஒரு சுற்றுப் பருத்துவிட்டானாம். போன வாரம் செய்தி வந்தது. படத்தை எடுக்கச் சொன்னது ஆஸ்பத்திரி விதிமுறைக்காக, வேறொன்றும் இல்லை. நீ ஒரு தப்பும் செய்யவில்லை. இதைத் திரும்பத் திரும்ப வாசி: ஒரு தப்பும் செய்யவில்லை.

இங்கே வெயில் குறைந்திருக்கிறது. அருவியின் சத்தத்தை அனுப்பு. எப்படியாவது இறக்கிக்கொள்கிறேன்.

இத்ரீஸ் உனக்குச் சலாம் சொல்லி அனுப்பியிருக்கிறான்.

உன் அத்தை


தென்காசி
6 செப்டம்பர் 2025
(என் நோட்டில் எழுதியது. அனுப்பவில்லை.)

அத்தை,

எனக்குத் தெரியும். ஆகஸ்ட் பதினேழாம் தேதியே தெரியும்.

கோவில் முடிந்து வந்ததும் மிஷன் அலுவலகத்திலிருந்து அப்பாவுக்குப் போன் வந்தது. அப்பா கொல்லையில் தண்ணீர்த் தொட்டிக்குப் பின்னால் போய்ப் பேசினார். நான் துணி எடுக்கப் போனேன். "அந்தப் போட்டாவ போன்ல காட்டியா கேட்டானுவ?" என்றார் அப்பா. "மே முப்பத்தொண்ணா? ஆஸ்பத்திரி வாசல்லயேவா சுட்டானுவ?" என்றார். பிறகு அம்மாவிடம், "புள்ளகிட்ட மூச்சு விட்டுராத. ஜெயசீலி சத்தியம் வாங்கிருக்கா" என்றார். உங்கள் பெயரை அவர் அப்படி அழுதுகொண்டு சொல்லி நான் கேட்டதில்லை.

படம் போட்டது மே பதினெட்டு. பதின்மூன்று நாள். அந்த ஏழு பேரையும் நினைத்துக்கொள்கிறேன். அவர்களில் யாரோ ஒருவர் உங்கள் டீக்கடையில் உட்கார்ந்து பார்த்திருக்கிறார். நான் சந்தோஷப்பட்டு எண்ணிய ஏழு பேர்.

அவருடைய அம்மா தீயில் இறந்துவிட்டதை நீங்களே மார்ச் மாதம் எழுதினீர்கள். அதை மறந்துவிட்டு எனக்காக அவரை உயிரோடு எழுப்பியிருக்கிறீர்கள். எவ்வளவு களைத்துப்போயிருப்பீர்கள். உங்கள் பிப்ரவரிக் கடிதத்தில் கர்த்தருடைய கிருபை இருந்தது. கடைசி இரண்டு கடிதங்களில் தேடினேன். கர்த்தர் என்ற சொல்லே இல்லை.

நேற்று வெள்ளிக்கிழமை. உங்கள் கடிதத்தைக் கூட்டத்தில் வாசிக்கச் சொன்னார்கள். வாசித்தேன். குரல் பிசகவில்லை. அவர் எல்லை தாண்டிவிட்டார் என்ற இடத்தில் எல்லோரும் கைதட்டினார்கள். தங்கத்தாய் டீச்சர் என்னைக் கட்டிக்கொண்டு, "பாத்தியாட்டி, பேரு சொல்லி ஜெபிச்சதுக்குப் பலன!" என்று அழுதார்கள். பிறகு எழுந்து நின்று ஸ்தோத்திரம் செலுத்தினோம், இத்ரீஸ் என்று பெயர் சொல்லி. நானும் ஆமென் சொன்னேன்.

கழற்றிய பிளக்ஸை டீச்சர் வீட்டு விறகின் மேல் போர்த்தியிருக்கிறார்கள். உங்கள் முகம் மடிந்து உள்ளே போய்விட்டது. அவர் முகம் மட்டும் மழையில் நனைந்துகொண்டு சிரிக்கிறது. நான் போய்த் திருப்பிப் போட்டேன். இப்போது முகம் விறகின் பக்கம்.

தாங்கிக்கொள்வேன் என்று எழுதினேன். பொய். நேரே விழுந்தால் ஆளைக் கொன்றுவிடும் என்று உங்களுக்கு எழுதியதும் நான்தான். நீங்கள் நடுவில் நின்று வாங்கிக்கொள்கிறீர்கள். உங்களுக்கு நடுவில் யார் இருக்கிறார்கள்?

எனக்குத் தெரியும் என்று தெரிந்தால் அதையும் நீங்கள்தான் சுமக்க வேண்டும். அதனால் இதை அனுப்ப மாட்டேன்.


தென்காசி
7 செப்டம்பர் 2025

அன்புள்ள அத்தைக்கு,

மஞ்சுவின் ஸ்தோத்திரம். உங்கள் கடிதம் கண்டு மிகவும் சந்தோஷம். இங்கே அப்பா, அம்மா, நான் எல்லோரும் சுகம். அப்பாவுக்கு இருமல் முழுவதும் சரியாகிவிட்டது.

உங்கள் கடிதத்தைக் கூட்டத்தில் வாசித்தேன். எல்லோருக்கும் பெரிய ஆறுதல். நான்தான் வீணாகப் பயந்துவிட்டேன். இனி அப்படியெல்லாம் கேட்டு உங்களைத் தொந்தரவு செய்ய மாட்டேன். காலாண்டுத் தேர்வு வருகிறது, நன்றாகப் படிக்கிறேன். சாரல் குறைந்துவிட்டது. அருவியில் தண்ணீர் குறைந்து பாறை தெரிகிறது. ஜூனில் பதிவு செய்த சத்தத்தை இதோடு அனுப்புகிறேன். நேரம் கிடைக்கும்போது கேளுங்கள். வேளைக்குச் சாப்பிடுங்கள்.

மாஜிதா எழுதித் தந்ததைக் கீழே ஒட்டியிருக்கிறேன். இத்ரீஸ் அண்ணனுக்கு என் சலாமைச் சேர்த்துவிடுங்கள். அவர் அம்மாவுக்கும்.

உங்கள் அன்பு மருமகள்,
மஞ்சு